மல்லுக்கட்டுறதுன்னா சண்டை போடுறதுதானா?

சண்டைதான், ஆனா எல்லாச் சண்டையும் மல்லுக்கட்டு ஆகாது. மல்னா வலிமை, மற்போர், அதுல இருந்துதான் மல்லன், நரசிம்மவர்ம பல்லவனோட மாமல்லன் பட்டம் எல்லாம், புறநானூறு 80வது பாட்டுலயே சோழன் ஒருத்தன் ஆமூர் மல்லனோட மோதுறது வருது. மற்போர்ல ரெண்டு பேரும் பிடிச்ச பிடிய விட மாட்டாங்கல்ல, அந்த விடாப்பிடிதான் இந்தச் சொல்லுக்கு உயிரே. ஒரு அறை விட்டுட்டுப் போயிட்டா அது மல்லுக்கட்டு இல்ல, எதிராளியும் விட்டுக்கொடுக்காம இழுத்துட்டே போனாதான்.

இப்ப கைகலப்பை விட வாய்ச்சண்டைக்குதான் நிறைய சொல்றோம், "அவன்கிட்ட போய் மல்லுக்கட்டாத, வேலைக்காகாது"ன்னு. இன்னும் சொல்லப்போனா எதிர்ல ஆளே வேணாம், "காலைல இருந்து இந்த பிரிண்டரோட மல்லுக்கட்டிட்டு இருக்கேன்"னா அதுல கோபம்கூட கம்மிதான், அலுப்புதான் ஜாஸ்தி.

"மல்லுக்கு நிக்கிறான்"ங்கிறது வேற, சண்டை இன்னும் ஆரம்பிக்கல ஆனா ஆள் ரெடி. வம்புக்கு இழுக்கிறதுன்னா சும்மா இருக்கிறவனச் சீண்டுறது, அங்க எதிராளிக்கு இஷ்டமே இருக்காது.

பேச்சுல தாராளமா யூஸ் பண்ணுங்க, ஆபீஸ் லெட்டர்ல மட்டும் வேணாம், அங்க 'வாக்குவாதம்' போதும்.