எஸ்பிரெசோ மெஷின் இல்லாமல், பீப்பாயில் முதிர்ந்த டெக்கீலாவை வைத்து வீட்டில் காபி காக்டெயில் செய்ய முடியுமா?

கேள்வி கேட்டவரிடம் ஒரு பாட்டில் அன்யேஹோ (பீப்பாயில் ஒரு வருடமாவது முதிர்ந்த) டெக்கீலா இருக்கிறது, எஸ்பிரெசோ மெஷின் இல்லை. எஸ்பிரெசோ மார்ட்டினியில் வோட்காவுக்குப் பதில் இதை ஊற்றினால் போதுமா என்று கேட்டிருக்கிறார்.

தாராளமாகச் செய்யலாம். மெஷினும் கட்டாயம் இல்லை. ஆனால் வோட்காவுக்கு எழுதப்பட்ட அளவுகளை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். எஸ்பிரெசோ மார்ட்டினி 1980-களில் லண்டனில் டிக் பிராட்செல் என்ற பார்டெண்டர் உருவாக்கிய பானம். சர்வதேச பார்டெண்டர் சங்கம் இன்று வைத்திருக்கும் அளவு 50 மில்லி வோட்கா, 30 மில்லி காபி லிக்கர் (காபி மணமுள்ள இனிப்பு மது), 10 மில்லி சர்க்கரைப் பாகு, ஒரு எஸ்பிரெசோ. வோட்காவுக்கென்று பெரிய சுவை கிடையாது. அதனால் மணம், இனிப்பு, கனம் எல்லாவற்றையும் அந்த 30 மில்லி லிக்கர் சுமக்க வேண்டியிருக்கிறது. முதிர்ந்த டெக்கீலா அப்படியல்ல. ஓக் மரப்பீப்பாயிலிருந்து வந்த வெனிலா மணமும், வெந்த அகாவேயின் (டெக்கீலாவுக்கு மூலமான கற்றாழை போன்ற செடி) தித்திப்பும், லேசான மிளகுக் காரமும் அதிலேயே இருக்கின்றன. அதன்மேல் 30 மில்லி லிக்கரை ஊற்றினால் அவ்வளவும் சர்க்கரைக்கு அடியில் போய்விடும். டெக்கீலா எது, லிக்கர் எது என்றே தெரியாது. லிக்கரைப் பாதியாகக் குறைக்க வேண்டும், முடிந்தால் விட்டே விட வேண்டும் என்பதுதான் இந்த விஷயத்தில் என் உறுதியான கருத்து.

காபியும் பீப்பாய் டெக்கீலாவும் இவ்வளவு இயல்பாகச் சேர்வதற்குக் காரணம் இருக்கிறது. பீப்பாய் செய்யும்போது ஓக் பலகையை நெருப்பில் வாட்டுவார்கள். மரத்திலுள்ள லிக்னின் அந்தச் சூட்டில் சிதைந்து வனிலின், குவாயகால் போன்ற மணப்பொருள்களைத் தரும். காபிக்கொட்டை வறுபடும்போதும் இதே குவாயகாலும் கொஞ்சம் வனிலினும் உண்டாகின்றன. அகாவேயின் நடுத்தண்டை அடுப்பில் மணிக்கணக்கில் வேகவைப்பதால் வரும் கேரமல் மணமும் காபியின் வறுத்த மணத்துக்கு நெருங்கிய உறவு. இரண்டு பக்கமும் ஏற்கெனவே ஒன்றையொன்று நோக்கி நிற்கின்றன, நாம் நடுவில் எதையும் திணிக்காமல் இருந்தால் போதும்.

முதலில் பாட்டில். மெக்சிகோவின் விதிப்படி ரெபொசாதோ என்றால் குறைந்தது 2 மாதம் ஓக்கில் இருந்திருக்க வேண்டும். அன்யேஹோ என்றால் 600 லிட்டருக்கு மிகாத பீப்பாயில் குறைந்தது 1 வருடம். எக்ஸ்ட்ரா அன்யேஹோ குறைந்தது 3 வருடம். இந்தப் பிரிவு 2006-இல்தான் வந்தது. லேபிளில் 100% அகாவே என்று இருக்கிறதா என்று பாருங்கள். அது இல்லாத டெக்கீலாவில் அகாவே சர்க்கரை 51 சதவீதம் இருந்தாலே சட்டப்படி போதும், மீதி கரும்பு போன்ற வேறு மூலத்திலிருந்து வரலாம். காபியின் கசப்புக்கு எதிரே அந்த வகை மெலிந்து, வெறும் சாராய எரிச்சலாகத்தான் நிற்கிறது.

இன்னொன்றும் கவனிக்க வேண்டும். முதிர்ந்த டெக்கீலாவில் கேரமல் நிறம், ஓக் சாறு, கிளிசரின், சர்க்கரைப் பாகு ஆகியவற்றைக் குறைந்த அளவில் சேர்க்க விதி அனுமதிக்கிறது. சில பாட்டில்களைத் திறந்ததும் கேக் கடை மாதிரி வெனிலா வாசம் தூக்கலாக அடிப்பதற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம். ஒரு சொட்டை உள்ளங்கையில் விட்டு, இரண்டு கையையும் தேய்த்து, சாராயம் ஆவியாகும்வரை கொஞ்சம் பொறுத்து முகர்ந்து பாருங்கள். வெந்த கிழங்கின் தித்திப்பு, மண்வாசம், கொஞ்சம் மரம் என்று வந்தால் காபிக்கு அருமையான பாட்டில். வெனிலா மட்டுமே மிஞ்சினால் அதிலும் செய்யலாம், ஆனால் பாகை இன்னும் குறைக்க வேண்டும்.

குலுக்கிச் செய்யும் நுரைக் காக்டெயிலுக்கு என் தேர்வு ரெபொசாதோ. அதில் அகாவேயின் பச்சை மணம் இன்னும் உயிரோடு இருக்கும், காபி அதை முழுக்க மூடாது. உங்களிடம் இருப்பது அன்யேஹோ என்பதால் இதிலேயே செய்து பார்க்கலாம், ஆனால் அதற்கு வேறு ஒரு முறை இன்னும் நன்றாகப் பொருந்தும், கீழே சொல்கிறேன். எக்ஸ்ட்ரா அன்யேஹோவைக் காபியில் கலக்க எனக்கு மனம் வருவதில்லை. மூன்று வருடம் மரத்தில் கிடந்து சேர்த்த நுணுக்கமெல்லாம் இதில் தொலைந்துவிடும், அதைத் தனியாகவே குடியுங்கள்.

அடுத்தது காபி. மிதமாக வறுத்த கொட்டைதான் வேண்டும். கறுக்க வறுத்ததை எடுத்தால் அதன் கரிக் கசப்பும் ஓக்கின் துவர்ப்பும் சேர்ந்து நாக்கின் பின்பக்கத்தில் உட்கார்ந்துகொள்ளும். மிக இளம் வறுவல் எலுமிச்சைப் புளிப்பைக் கொண்டுவரும், அது இந்த டெக்கீலாவோடு சண்டை போடும். மெஷின் இல்லாதவர்களுக்கு மோகா பாட், அதாவது அடுப்பில் வைத்து நீராவி அழுத்தத்தில் காபி இறக்கும் பாத்திரம், நல்ல வழி. அதில் கெட்டியாக இறக்கிய 30 மில்லி போதும். ஏரோபிரெஸ் (கையால் அழுத்திக் காபி இறக்கும் குழாய்) இருந்தால் 15 கிராம் பொடிக்கு 50 மில்லி வெந்நீர் விட்டு அழுத்தி, வருவதில் 30 மில்லி எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டும் இல்லையா, நல்ல இன்ஸ்டன்ட் காபி இரண்டு டீஸ்பூனை 30 மில்லி வெந்நீரில் கரைத்துக்கொள்ளலாம். இதை மட்டமாக நினைக்க வேண்டாம், நுரை நன்றாகவே வரும், சுவையில்தான் ஆழம் குறையும். கோல்ட் ப்ரூ, அதாவது குளிர்ந்த நீரில் பல மணி நேரம் ஊறவைத்து இறக்கும் காபி, எனக்கு இங்கே பிடிப்பதில்லை. மென்மையாக இருக்கும், ஆனால் நுரையும் குறைவு, டெக்கீலாவுக்கு ஈடுகொடுக்கும் முனைப்பும் குறைவு.

காபியைக் குலுக்குவதற்குச் சற்று முன்னால்தான் போட வேண்டும். காலையில் போட்டு மீந்ததை எடுத்தால் மணம் போய், கசப்பும் புளிப்பும் ஏறியிருக்கும். போட்டதும் பாத்திரத்தைக் குளிர்ந்த நீரில் இரண்டு நிமிடம் வைத்துச் சூட்டை இறக்குங்கள். கொதிக்கக் கொதிக்க ஐஸில் ஊற்றினால் பாதி ஐஸ் கரைந்து பானம் நீர்த்துவிடும். கண்ணாடி ஜாடியில் குலுக்குபவர்களுக்கு இது பாதுகாப்பு விஷயமும்கூட, சூடும் ஐஸும் ஒன்றாகப் பட்டால் கண்ணாடி விரிசல் விடலாம்.

இனிப்புக்கு அகாவே பாகு. கடையில் கிடைப்பது கெட்டியாக இருக்கும், ஐஸ் பட்டதும் அடியில் உறைந்து ஒட்டிக்கொள்ளும். அதனால் இரண்டு பங்கு பாகுக்கு ஒரு பங்கு வெந்நீர் கலந்து வைத்துக்கொள்ளுங்கள். அதில் பெரும்பகுதி ஃபிரக்டோஸ் என்பதால் சாதாரணச் சர்க்கரையைவிட இனிப்பு அதிகம், கை தாராளமாகப் போகக் கூடாது.

என் அளவு இதுதான்: 50 மில்லி ரெபொசாதோ, 30 மில்லி காபி, 15 மில்லி காபி லிக்கர், 5 மில்லி அகாவே பாகு, ஒரு சிட்டிகையிலும் பாதி உப்பு. லிக்கர் இல்லாமல் செய்வதென்றால் பாகை 12 மில்லியாக்குங்கள். நான் வீட்டில் எனக்காகச் செய்துகொள்வது இந்த லிக்கர் இல்லாத வடிவம்தான். உப்பை விட்டுவிடாதீர்கள். சோடியம் நாக்கில் கசப்பு உணர்வை அடக்கும், அதனால் பாகைக் கூட்டாமலேயே பானத்தின் சுவை சமநிலைக்கு வந்துவிடும். உப்புச் சுவை தெரியாத அளவுக்குத்தான் போட வேண்டும்.

குலுக்கும் முன் கோப்பையை ஃப்ரீசரில் வைத்துவிடுங்கள். ஷேக்கர் இல்லாவிட்டால் மூடி இறுகப் பொருந்தும் பெரிய ஜாடி போதும். ஐஸ் ஃப்ரீசரிலிருந்து நேராக எடுத்ததாக, மேல்பக்கம் ஈரமில்லாமல் இருக்க வேண்டும். மேசையில் வைத்து வியர்த்துப்போன ஐஸ் குளிர்விப்பதைவிடத் தண்ணீராவதில்தான் முந்தும். முக்கால் ஜாடிக்கு ஐஸ் போட்டு, எல்லாவற்றையும் ஊற்றி, மூடி, தோளிலிருந்து பலமாகக் குலுக்குங்கள். 15 விநாடி. இது மென்மையாகச் செய்யும் வேலை இல்லை. முதலில் ஐஸ் கட்டிகள் கடகடவென்று தனித்தனியாக மோதும் சத்தம் கேட்கும். பத்து விநாடி தாண்டும்போது அந்தச் சத்தம் மங்கி, ஏதோ பஞ்சைச் சுற்றி வைத்ததுபோல் ஆகும். உள்ளே நுரை நிறைந்துவிட்டது என்பதற்கு அதுதான் அடையாளம். உலோக ஷேக்கராக இருந்தால் வெளிப்பக்கம் வெண்மையாகப் பனி படர்ந்து விரல் ஒட்டும்.

நிறுத்தியதும் உடனே வடிக்க வேண்டும், ஒரு நிமிடம் பேசிக்கொண்டு நின்றாலும் நுரை பின்தங்கிவிடும். டீ வடிகட்டி வழியாக ஊற்றினால் ஐஸ் துகள் விழாது. கடைசியில் ஜாடியில் ஒட்டியிருக்கும் கெட்டி நுரையையும் ஒரு உதறு உதறி இறக்குங்கள். ஊற்றியவுடன் கோப்பை முழுவதும் பழுப்பாக, மங்கலாக இருக்கும். பொறுத்துப் பாருங்கள்: அடியிலிருந்து கறுப்பு மெல்ல மேலேறும், நுரை அதற்கு மேலே வெளிர் பொன்னிறமாகப் பிரிந்து ஒரு விரல் தடிமனுக்கு நிற்கும். அரை நிமிடத்துக்குள் இது நடந்துவிடும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காத காட்சி.

நுரை நிற்கவில்லை என்றால் பெரும்பாலும் கொட்டை பழசு. புதிதாக வறுத்த கொட்டையில் கார்பன் டை ஆக்சைடு தங்கியிருக்கும், அதுவும் காபியின் புரதமும் வறுவலில் உண்டாகும் மெலனாய்டின்களும் சேர்ந்துதான் நுரையைப் பிடித்து நிறுத்துகின்றன. எஸ்பிரெசோ மெஷின் 9 பார் அழுத்தத்தில் இந்த வேலையில் பாதியை முன்கூட்டியே முடித்துவிடுகிறது, மோகா பாட்-இல் அழுத்தம் அதைவிட மிகக் குறைவு என்பதால் குலுக்கும் கைதான் ஈடுகட்ட வேண்டும். காகித ஃபில்டர் காபி எண்ணெயையும் நுண்துகள்களையும் தடுத்துவிடும், ஏரோபிரெஸ்ஸில் உலோக ஃபில்டர் போட்டால் பானம் வாயில் இன்னும் கனமாகத் தெரியும். இதெல்லாம் செய்தும் நுரை மெலிதாக வந்தால் கொண்டைக்கடலை வேகவைத்த கெட்டித் தண்ணீர் 10 மில்லி சேர்த்துக் குலுக்குங்கள், முட்டை வெள்ளைக்கரு செய்யும் வேலையை அது செய்யும். அந்தத் தண்ணீரில் உப்பு இருந்தால் மேலே சொன்ன உப்பு வேண்டாம்.

இனி உங்கள் அன்யேஹோவுக்கான முறை. இதில் நுரை கிடையாது, குலுக்கலும் கிடையாது. 200 மில்லி அன்யேஹோவில் 20 கிராம் முழுக் காபிக்கொட்டையை, பொடிக்காமல், ஒரு சுத்தமான பாட்டிலில் ஊறப் போடுங்கள். நான்கு மணி நேரத்துக்குப் பிறகு அவ்வப்போது ஒரு சொட்டு சுவைத்துப் பாருங்கள். காபி மணம் தெளிவாக வந்து, டெக்கீலா இன்னும் முன்னால் நிற்கும் நேரத்தில் வடித்துவிட வேண்டும். கொட்டைக்குக் கொட்டை இது மாறும், கடிகாரத்தைவிட நாக்கை நம்புங்கள். ராத்திரி முழுக்க மறந்து விட்டால் கசப்பு இறங்கிவிடும், அதன்பின் எடுக்க முடியாது.

வடித்ததில் 60 மில்லி, அகாவே பாகு 5 மில்லி, அங்கோஸ்டுரா பிட்டர்ஸ் (மசாலா மணமுள்ள கசப்புச் சாறு) இரண்டு தெறிப்பு. ஐஸ் நிறைந்த கிளாஸில் நீண்ட கரண்டியால் அரை நிமிடம் கலக்கி, பெரிய ஐஸ் கட்டி ஒன்று போட்ட வேறு கிளாஸில் வடியுங்கள். ஆரஞ்சுத் தோலை ஒரு துண்டு சீவி, பானத்துக்கு மேலே பிடித்து முறுக்கினால் எண்ணெய் தெறிக்கும், அந்த மணம் ஓக்கையும் காபியையும் இணைத்துவிடும். டெக்கீலாவை ஓல்ட் ஃபேஷன்ட் பாணியில், அதாவது மதுவோடு கொஞ்சம் இனிப்பும் பிட்டர்ஸும் மட்டும் சேர்த்துக் கலக்குவது புதிதல்ல. நியூயார்க்கில் ஃபில் வார்ட் 2007-இல் ரெபொசாதோவோடு கொஞ்சம் மெஸ்கால் (அகாவேயிலிருந்தே வரும் புகை வாசமுள்ள மது), அகாவே பாகு, பிட்டர்ஸ் சேர்த்துச் செய்த வஹாக்கா ஓல்ட் ஃபேஷன்ட் பல பார்களுக்குப் பரவியது. அவர் செய்ததுபோல் இதிலும் 60-இல் 10 மில்லியை மெஸ்காலாக மாற்றினால் புகை வாசம் வரும், காபிக்கு அது மிகவும் ஒத்துப்போகும். பாட்டிலைத் திறந்ததும் முதலில் இதைச் செய்து பாருங்கள், உங்கள் அன்யேஹோவின் மரம் இதில்தான் முழுக்கத் தெரியும்.

காஃபீன் பற்றி ஒரு வார்த்தை. 30 மில்லி எஸ்பிரெசோவில் ஏறக்குறைய 60 மில்லிகிராம் இருக்கும், அது பாதியாகக் குறையவே உடம்புக்குச் சுமார் 5 மணி நேரம் பிடிக்கும். 40 சதவீத டெக்கீலா 50 மில்லியில் கிட்டத்தட்ட 16 கிராம் ஆல்கஹால். காபி தூக்கத்தை விரட்டுமே தவிர ஆல்கஹாலை இறக்காது, தெளிவாக இருப்பதுபோல் தோன்றினாலும் போதை அப்படியேதான் இருக்கும். அதனால் வண்டி எடுக்க வேண்டிய நாளில் இது வேண்டாம். இரவு உணவுக்குப் பிறகு நாலு பேருக்குச் செய்கிறீர்கள் என்றால் காஃபீன் நீக்கிய கொட்டையை வாங்குங்கள். புதிதாக வறுத்ததாக இருந்தால் நுரை அதிலும் வரும், முழுக் கொட்டையாக ஊறப்போடும் முறைக்கும் அது சரிப்படும்.