ஒன்பது அணிகள் மாறிய குவார்ட்டர்பேக்: அது பிழைப்புக்கு ஆகுமா?

கேள்வி: டெக்சாஸில் வசிக்கிறோம். என் மகனுக்குப் பதினேழு வயது. உயர்நிலைப் பள்ளியின் அமெரிக்கக் கால்பந்து அணியில், பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக்காக ஆடுகிறான். "இவன் பெரிய நட்சத்திரமாவது கடினம். ஆனால் ரயன் ஃபிட்ஸ்பேட்ரிக்கைப் போல அணி மாறி அணி மாறி நீண்ட காலம் ஆடக்கூடியவன்" என்கிறார் அவனுடைய பயிற்சியாளர். இது பாராட்டா, ஆறுதலா என்று எனக்குப் புரியவில்லை. அப்படிப்பட்ட ஆட்டக்காரரின் பிழைப்பு எப்படி நடக்கும்? ஐவி லீக் (ஹார்வர்ட் உள்ளிட்ட பழம்பெரும் பல்கலைக்கழகங்களின் குழு) கல்லூரி ஒன்று அவன்மேல் ஆர்வம் காட்டுகிறது. பெரிய மாநிலப் பல்கலைக்கழகம் ஒன்றும், உதவித்தொகை கிடையாது, விரும்பினால் அணியில் சேரலாம் என்று சொல்லியிருக்கிறது. எதைத் தேர்ந்தெடுப்பது?

பதில்: பாராட்டுதான். அதுவும் சாதாரணப் பாராட்டு அல்ல. ஆனால் அந்தப் பாராட்டுக்குள் இருக்கும் வாழ்க்கையை முழுதாகப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

இப்படி அணி மாறி ஆடுபவர்களை அமெரிக்காவில் 'ஜர்னிமேன்' என்கிறார்கள். ஊர் ஊராகப் பயணம் போவதால் வந்த பெயர் என்று பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் ஒரு நாள் வேலையைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது அது. தொழிலை முழுதாகக் கற்று முடித்து, சொந்தப் பட்டறை வைக்காமல், பிறருடைய பட்டறையில் நாள்கூலிக்கு வேலை செய்யும் கைதேர்ந்த தொழிலாளிக்கு அந்தப் பெயர். அலைச்சலைவிடக் கைத்தேர்ச்சியைத்தான் அந்தச் சொல் முதலில் குறிக்கிறது.

ஃபிட்ஸ்பேட்ரிக்கையே எடுத்துக்கொள்வோம். ஹார்வர்டில் பொருளாதாரம் படித்தவர். தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல். அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களை வரிசையாக எடுத்துக்கொள்ளும் ஆண்டுத் தேர்வுக்கு 'டிராஃப்ட்' என்று பெயர். 2005 டிராஃப்டில் மொத்தம் 255 பேரைத் தேர்ந்தெடுத்தார்கள், இவர் 250ஆவது. செயின்ட் லூயிஸ் ராம்ஸ் அணியில் மூன்றாவது குவார்ட்டர்பேக்காக உட்கார்ந்திருந்தார். அந்த நவம்பரில் ஹூஸ்டன் அணிக்கு எதிரான ஆட்டத்தில், முன்னால் இருந்த இருவரும் காயத்தால் விலக, இவரை இறக்கினார்கள். இடைவேளையின்போது ராம்ஸ் 3-24 என்று பின்தங்கியிருந்தது. கூடுதல் நேரத்தில் 33-27 என்று வென்றது. முதல் ஆட்டத்திலேயே இவருடைய எறிதலால் 310 கெஜம் முன்னேற்றம், மூன்று டச்டவுன் (எதிரணியின் எல்லைக் கோட்டுக்கு அப்பால் பந்தைச் சேர்த்துப் புள்ளி எடுப்பது).

இதைப் படித்ததும் பையனுக்குப் புல்லரிக்கும். ஆனால் அதற்குப் பிறகு நடந்ததையும் அவன் படிக்க வேண்டும். இரண்டே ஆண்டுகளில் ராம்ஸை விட்டு சின்சினாட்டி, பிறகு பஃபலோ, டென்னசி, ஹூஸ்டன், நியூயார்க் ஜெட்ஸ், டாம்பா பே, மயாமி, கடைசியாக வாஷிங்டன். தொடக்க ஆட்டக்காரராக 147 ஆட்டங்கள்: 59 வெற்றி, 87 தோல்வி, ஒரு சமன். 223 டச்டவுன் எறிந்தார். எட்டு வெவ்வேறு அணிகளுக்காக டச்டவுன் எறிந்த முதல் ஆட்டக்காரர் அவர்தான். பதினேழு ஆண்டுகளில், பருவ முடிவில் கோப்பைக்காக நடக்கும் பிளேஆஃப் ஆட்டம் ஒன்றில்கூடக் களமிறங்கவில்லை.

பணத்தைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். 2011 அக்டோபரில் பஃபலோ பில்ஸ் அவருக்கு ஆறு ஆண்டுகளுக்கு 59 மில்லியன் டாலர் ஒப்பந்தம் கொடுத்தது. 2013 மார்ச்சில் வெளியே அனுப்பிவிட்டது. என்.எஃப்.எல். ஒப்பந்தத்தில் உறுதியளிக்கப்பட்ட தொகை மட்டுமே உங்கள் பணம். செய்தித்தாளில் வரும் மொத்தத் தொகை பெரும்பாலும் காகிதத்தில்தான் இருக்கும். பெற்றோர் முதலில் மனத்தில் பதிக்க வேண்டியது இது. அடுத்தடுத்த அணிகளில் அவர் பெரும்பாலும் ஓராண்டு, ஈராண்டு ஒப்பந்தங்களில்தான் வாழ்ந்தார்.

இருந்தாலும் அடிமட்டக் கூலி சிறியது அல்ல. 2025 நிலவரப்படி, 53 பேர் கொண்ட அணிப் பட்டியலில் ஒரு பருவம் முழுவதும் இருந்தால் புதியவருக்குக் குறைந்தபட்சம் 8,40,000 டாலர். ஏழு ஆண்டு அனுபவம் கடந்தவருக்கு 12,55,000 டாலர். குறைந்தபட்ச ஊதியத்தில் ஓராண்டுக்கு ஒரு மூத்த ஆட்டக்காரரை எடுத்தால், அணியின் ஊதிய உச்சவரம்புக் கணக்கில் அதைவிடக் குறைவான தொகையே ஏறும். அனுபவசாலிகள் விலை அதிகம் என்பதாலேயே ஒதுக்கப்படாமலிருக்க லீக் செய்த ஏற்பாடு இது. நாற்பதை நெருங்கும் மாற்று குவார்ட்டர்பேக்குகள் இன்னும் வேலையில் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். மூன்று பருவங்கள் கணக்கில் சேர்ந்துவிட்டால் ஓய்வூதிய உரிமையும் உண்டு.

ஆனால் அந்த மூன்று பருவங்களை எட்டுவதுதான் கடினம். ஜாஷ் ஜான்சனைப் பாருங்கள். 2008இல் டாம்பா பே எடுத்தது. இதுவரை பதினான்கு அணிகள்; லீக் வரலாற்றிலேயே அதிகம். இடையில் வேறு சிறு லீக்குகளிலும் ஆடினார். 2018 டிசம்பரில் வாஷிங்டன் அணிக்குத் திடீரென்று ஆள் தேவைப்பட்டு அவரை அழைத்தது. புதிய சக ஆட்டக்காரர்களின் பெயர்களைத் தெரிந்துகொள்ள அவர் 'மேடன்' வீடியோ கேமில் அந்த அணியை எடுத்து ஆடிப் பார்த்தார். சில நாள்களில் தொடக்க ஆட்டக்காரராக ஜாக்சன்வில் அணியை 16-13 என்று வென்றார். தொடக்க ஆட்டக்காரராக அவருக்கு அது முதல் வெற்றி. டிராஃப்ட் ஆகிப் பத்து ஆண்டுகளுக்குப் பிறகு! அந்தப் பத்து ஆண்டும் அவர் உடலையும் மூளையையும் தயாராக வைத்திருந்தார் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் நெஞ்சு நிறைகிறது.

இந்தத் தொழிலின் உண்மையான முதலீடு கை வலிமை அல்ல என்பதை ஜான்சனிடம் பார்க்கலாம். ஒரு அணியின் ஆட்டத் திட்ட நூல் என்பது தனி மொழி. ஒரே நகர்வுக்கு அணிக்கு அணி வேறு பெயர். குவார்ட்டர்பேக் அதை மனப்பாடம் செய்தால் போதாது. நாற்பது விநாடி கடிகாரம் ஓடும்போது பத்துப் பேருக்கும் பிழையில்லாமல் சொல்லி, எதிரணி நிற்கும் விதத்தைப் பார்த்து மாற்றவும் வேண்டும். ஞாயிறு ஆட்டத்துக்குச் செவ்வாயன்று வந்து சேர்ந்தாலும் அதைச் செய்யக்கூடியவருக்குத்தான் தொலைபேசி அழைப்பு வரும்.

அழைப்பு யாரிடமிருந்து வரும் என்பதும் முக்கியம். சான் கெய்லி பஃபலோவில் தலைமைப் பயிற்சியாளராக இருந்தபோது அவருடைய குவார்ட்டர்பேக் ஃபிட்ஸ்பேட்ரிக். 2015இல் கெய்லி ஜெட்ஸின் தாக்குதல் ஆட்டப் பொறுப்பாளராக வந்தபோதும் அவரே. 2020இல் கெய்லி மயாமிக்கு வந்தபோது அங்கும் ஃபிட்ஸ்பேட்ரிக் இருந்தார். ஜெட்ஸில் 2015இல் அவர் எறிந்த 31 டச்டவுன் அந்த அணியின் ஒரு பருவச் சாதனை. அடுத்த ஆண்டே ஒரே ஆட்டத்தில் ஆறு முறை எதிரணியிடம் பந்தைப் பறிகொடுத்தார் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். அவருடைய எறிதலில் இருந்த துணிச்சல் இரண்டு பக்கமும் வெட்டியது. ஆனாலும் பயிற்சியாளர்கள் அவரை மறக்கவில்லை. அறைக்குள் அவர் எப்படி நடந்துகொண்டார் என்பது அவர்களுக்குத் தெரியும்.

மனவேதனையைப் பற்றியும் சொல்லாமல் விடக்கூடாது. 2020இல் மயாமி அடுத்தடுத்து இரண்டு ஆட்டங்களில் வென்று, மூன்று வெற்றி, மூன்று தோல்வி என்று நின்றது. அந்த நேரத்தில் இளைஞர் துவா தகோவைலோவாவுக்கு இடத்தைக் கொடுத்து இவரை உட்காரவைத்தார்கள். மனம் உடைந்துவிட்டது என்று செய்தியாளர்களிடம் வெளிப்படையாகச் சொன்னார். பிறகு அந்த இளைஞருக்கே துணையாக நின்றார். டிசம்பர் 26 அன்று லாஸ் வேகாஸில், தடுமாறிய துவாவுக்குப் பதிலாக இவரை இறக்கினார்கள். 19 விநாடி மிச்சம், இரண்டு புள்ளி பின்தங்கல். எதிரணி வீரர் தலைக்கவசத்தின் முகக்கம்பியைப் பிடித்துத் திருகி, இவருடைய முகத்தைப் பக்கவாட்டில் திருப்பிவிட்டார். பந்து போகும் இடத்தைப் பார்க்கவே முடியாத நிலையில் எறிந்தார். 34 கெஜம் தள்ளி மேக் ஹாலின்ஸின் கையில் விழுந்தது. கம்பியைப் பிடித்ததற்குத் தண்டனையாக இன்னும் 15 கெஜம். ஒரு விநாடி மிச்சமிருக்க உதைத்த கோலில் மயாமி 26-25 என்று வென்றது. அடுத்த பருவம் அவர் வாஷிங்டனில். முதல் ஆட்டத்தில் ஆறே எறிதல்கள், இடுப்பில் காயம். அதன்பின் ஆடவே இல்லை. 2022இல் ஓய்வு பெற்றார்.

ஓய்வுக்குப் பிறகு என்ன என்ற கவலை வேண்டாம். இந்த வகை ஆட்டக்காரர்களுக்குத்தான் அங்கே வழி அதிகம். ஃபிட்ஸ்பேட்ரிக் அமேசானின் வியாழக்கிழமை ஆட்ட ஒளிபரப்பில் பேசுகிறார். பல அணிகளைச் சுற்றிய ஜாஷ் மெக்கவுன், 2018இல் ஜெட்ஸில் புதியவரான சாம் டார்னல்டுக்கு மூத்தவராக இருந்தார். 2024இல் மினசோட்டாவில் அதே டார்னல்டுக்குக் குவார்ட்டர்பேக் பயிற்சியாளராக இருந்தார். அணி அந்தப் பருவத்தில் 14 ஆட்டங்களை வென்றது.

இனி கல்லூரி. ஐவி லீக் விளையாட்டுக்கென்று உதவித்தொகை தருவதில்லை. குடும்ப வருமானத்தைப் பொறுத்த உதவி மட்டும்தான். ஆகவே கட்டணக் கணக்கை முதலில் எழுத்தில் வாங்குங்கள். அது கட்டுப்படியானால், என் யோசனை தயக்கமில்லாமல் அந்தப் பக்கம்தான். பெரிய பல்கலைக்கழகத்தில் உதவித்தொகை இல்லாமல் சேரும் குவார்ட்டர்பேக்கின் முன்னால், ஆண்டுதோறும் வேறு கல்லூரிகளிலிருந்து மாறிவரும் தேர்ந்தவர்களை நிறுத்துவார்கள். ஆடாத குவார்ட்டர்பேக்கைத் தேர்வாளர்கள் பார்க்கவும் முடியாது. ஃபிட்ஸ்பேட்ரிக் ஹார்வர்டில் முதலில் மாற்று ஆட்டக்காரராகத்தான் இருந்தார். ஆனால் 2004இல் அவர் தலைமையில் அணி பத்து ஆட்டங்களையும் வென்றது. அதனால்தான் 250ஆவது இடமாவது கிடைத்தது. என்.எஃப்.எல். கிடைக்காவிட்டாலும் பட்டம் கையில் இருக்கும்.

ஒரே ஒரு நிபந்தனை. தலையில் அடிபட்டால் மறைக்கக்கூடாது என்று இப்போதே அவனிடம் வாக்கு வாங்குங்கள். 2023 ஜனவரியில் சான் பிரான்சிஸ்கோவின் அரையிறுதிக்கு இணையான ஆட்டத்தில் குவார்ட்டர்பேக் பிராக் பர்டிக்கு முழங்கையில் காயம். மாற்றாக வந்த ஜாஷ் ஜான்சனுக்குத் தலையில் அதிர்ச்சி; அவரும் விலக வேண்டியிருந்தது. எறிய ஆளில்லாமல் அணி தோற்றது. அதற்குப் பிறகுதான், ஆட்ட நாள் பட்டியலில் எண்ணாமல் மூன்றாவது குவார்ட்டர்பேக் ஒருவரை வைத்துக்கொள்ளலாம் என்று லீக் விதியை மாற்றியது.

கல்லூரியைப் பார்க்கப் போகும்போது, ஆட்டத் திட்டக் கூட்டம் ஒன்றில் அவன் உட்கார அனுமதி கேளுங்கள். ஒரு மணி நேரம் பலகையில் கோடுகள் வரைந்து பேசுவார்கள். வெளியே வந்ததும், என்ன சொன்னார்கள் என்று கேளுங்கள். காகிதத்தை வாங்கி அவனாகவே வரைந்து காட்டத் தொடங்கினால், அவனுடைய பயிற்சியாளர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்.