பார் நடனப் பெண்களுக்குச் சங்கம் எதற்கு?

கேள்வி: என் மகள் சட்டக் கல்லூரி மாணவி. மும்பை பார்களில் ஆடும் பெண்களின் தொழிற்சங்கத்தைப் பற்றி ஆய்வுக் கட்டுரை எழுதப்போகிறாளாம். நேரில் போய்ப் பேசவும் வேண்டுமாம். உரிமை கேட்கிற அளவுக்கு அது ஒரு தொழிலா? வரன் பார்க்கிற நேரத்தில் நாலு பேருக்குத் தெரிந்தால் என்ன ஆகும்? வேறு தலைப்பு எடுக்கச் சொல்லலாமா?
– ஒரு தாய், திருச்சி

பதில்: அன்புச் சகோதரிக்கு, சொல்லாதீர்கள். அவள் எடுத்திருப்பது நல்ல தலைப்பு.

2005-ல் மகாராஷ்டிர அரசு பார்களில் நடனத்தைத் தடை செய்தது. மூன்று நட்சத்திர ஓட்டல்களுக்கும் அதற்கு மேற்பட்டவற்றுக்கும் விலக்கு. பணக்காரர் பார்த்தால் கலை, மற்றவர் பார்த்தால் ஆபாசமா? வர்ஷா காலே தலைமையிலான பாரதிய பார் கேர்ள்ஸ் யூனியனும் இதை எதிர்த்து வழக்குப் போட்டது. ஆர்ப்பாட்டத்துக்கு வந்த பெண்களில் பலர் துப்பட்டாவால் முகத்தை மூடிக்கொண்டுதான் கோஷம் போட்டார்கள். வேலை வேண்டும், ஆனால் ஊரில் இருக்கும் பிள்ளைக்குத் தெரியக் கூடாது. 2006-ல் மும்பை உயர் நீதிமன்றம் தடையை ரத்து செய்தது. 2013-ல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்து, தடை போடுவதற்குப் பதில் இவர்களின் பாதுகாப்பையும் வேலைச் சூழலையும் மேம்படுத்துவதே பொருத்தம் என்றது. அரசு விடாமல் புதுச் சட்டங்கள் கொண்டுவர, 2019-ல் மறுபடி தீர்ப்பு: டிப்ஸ் வாங்கலாம், நோட்டை வாரி இறைக்கக் கூடாது, ஆடும் இடத்தில் சிசிடிவி கட்டாயமில்லை.

அந்த மூடிய முகங்களை யோசித்துப் பாருங்கள். இவர்களில் பலருக்குச் சம்பளம் என்று ஒன்று கிடையாது, வாடிக்கையாளர் தரும் பணம்தான் வருமானம். அதிலும் முதலாளி ஒரு பங்கை எடுத்துக்கொள்வார். கணக்கில் ஏமாற்றினால், போலீஸ் மிரட்டினால் எங்கே போய்ச் சொல்வது? வெளியே சொன்னாலே மானம் போய்விடும் என்ற பயம். அந்தப் பயம் யாருக்கு லாபம் என்று கேட்டால் உங்கள் கேள்விக்குப் பதில் கிடைத்துவிடும். மரியாதை வேண்டும் என்பதும் கூலி வேண்டும் என்பதும் அவர்களுக்கு ஒரே கோரிக்கைதான்.

அந்த வேலை உங்களுக்குப் பிடிக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. பிடிக்காத வேலை செய்கிறவருக்கும் கூலி பாக்கி வைக்கக் கூடாது, அவ்வளவுதான்.

சரி, மகள் விஷயத்துக்கு வருவோம். நேரே பாருக்குப் போக வேண்டாம். மும்பையில் இவர்களோடு வேலை செய்யும் வழக்கறிஞர்கள், பெண்கள் அமைப்புகள் மூலம் போகட்டும். பகலில், அவர்கள் சொல்லும் இடத்தில் சந்திக்கட்டும். போட்டோ எடுக்கவே கூடாது, கட்டுரையில் உண்மைப் பெயரும் ஊரும் வரக் கூடாது. அந்தப் பெண்கள் இதில் பணயம் வைப்பது உங்கள் மகளைவிட அதிகம்.

வரனைப் பற்றி: சட்டம் படித்த பெண் தொழிலாளர் வழக்கு ஒன்றை ஆராய்ந்தாள் என்பதற்காக ஒரு குடும்பம் பின்வாங்கினால், அது முன்கூட்டியே தெரிந்தது நல்லதுதான். அவள் கிளம்பும் முன் 2013 தீர்ப்பை இருவரும் உட்கார்ந்து படியுங்கள். புரியாத இடத்தில் அவளையே கேளுங்கள்.