அணியில் யார் பேசுவது, எப்போது பேசுவது? – இணைய விளையாட்டு கேள்வி பதில்

கேள்வி: நாங்கள் நான்கு நண்பர்கள். இரவு நேரங்களில் பிஜிஎம்ஐ (பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா என்ற, கடைசி வரை உயிரோடிருக்கும் அணி வெல்லும் துப்பாக்கிச் சூட்டு விளையாட்டு) விளையாடுகிறோம். குறி பார்த்துச் சுடுவதில் நால்வரும் மோசமில்லை. ஆனால் ஆட்டக்களம் சுருங்கிக் கடைசி வட்டம் நெருங்கியதும் நால்வரும் ஒரே நேரத்தில் கத்துகிறோம். யார் என்ன சொன்னார் என்று புரிவதற்குள் ஆட்டம் முடிந்துவிடுகிறது. இதற்கு என்ன வழி?
– கல்லூரி மாணவர், திருநெல்வேலி

பதில்: நீங்கள் கத்துவதில் பெரும்பகுதி தகவலே இல்லை என்று ஊகிக்கிறேன். "டேய், அங்க இருக்கான்டா, அங்க, மரத்துகிட்ட!" என்று ஒருவர் அலறினால், கேட்பவருக்குப் பதற்றம் கூடுமே தவிர வேறொன்றும் கிடைக்காது. அந்த 'அங்க' சொல்பவரின் திரையில் மட்டும்தான் இருக்கிறது. எட்டுக்கு எட்டு கிலோமீட்டர் பரப்புள்ள எராங்கல் வரைபடத்தில் மரத்துக்கா பஞ்சம்? அதே செய்தியை "285, ரெண்டு மாடி வீடு, மேல் ஜன்னல், ஒருத்தன், ரெண்டு குண்டு வாங்கியிருக்கான்" என்று சொல்லிப் பாருங்கள். மூன்று நொடிகூட ஆகாது. திசை, இடம், எத்தனை பேர், எந்த நிலையில் இருக்கிறார்கள் என்ற வரிசையை நால்வரும் பழக்கிக்கொண்டால், வாக்கியம் பாதியில் அறுந்தாலும் அதுவரை கேட்டது பயன்படும். திசையை முதலில் வைக்கச் சொல்வதற்குக் காரணமும் அதுதான்: மற்ற விவரங்கள் காதில் விழுவதற்குள் உங்கள் நண்பரின் துப்பாக்கி அந்தப் பக்கம் திரும்பியிருக்கும்.

திரையின் மேல்விளிம்பில் ஓடும் திசைகாட்டிப் பட்டையைப் பற்றிப் பலரும் கவனிக்கத் தவறும் விஷயம் ஒன்று உண்டு. அதில் வடக்கு 0, கிழக்கு 90, தெற்கு 180, மேற்கு 270 என்பது எல்லோருக்கும் பொதுவானதுதான். ஆனால் அந்த எண் நீங்கள் நிற்கும் இடத்திலிருந்து பார்க்கும் கோணம். எதிரி உங்களுக்கு நேர் வடக்கே நூறு மீட்டரில் இருக்கிறான், உங்கள் நண்பர் உங்களுக்குக் கிழக்கே நூறு மீட்டர் தள்ளிப் படுத்திருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்களுக்கு அந்த எதிரி 0-இல் தெரிவான். அவருக்கோ 315-இல் தெரிவான். நீங்கள் சொன்ன எண்ணை நம்பி அவர் வடக்கே பார்த்தால் வெறும் புல்வெளிதான் தெரியும். மாறாக, இருவரும் இருபது மீட்டர் இடைவெளியில் இருந்து, எதிரி நானூறு மீட்டர் தொலைவில் இருந்தால், வேறுபாடு மூன்று பாகைக்கும் குறைவு. அதைப் பொருட்படுத்த வேண்டியதில்லை. ஆகவே அணி ஒன்றாக இருக்கும்போது எண்ணைச் சொல்லுங்கள். சிதறி இருக்கும்போது வரைபடத்தில் குறி வையுங்கள், அல்லது எல்லோருக்கும் தெரிந்த கட்டடத்தையோ பாலத்தையோ வைத்துச் சொல்லுங்கள். சொல்பவர் யார் என்பதும் முக்கியம். "என் பக்கம்" என்று சொல்வதற்கு முன், எது உங்கள் பக்கம் என்று மற்ற மூவருக்கும் தெரிந்திருக்க வேண்டும் அல்லவா?

அடுத்தது, பேசும் உரிமை. கிரிக்கெட்டில் பந்து முன்பக்கம் போனால் அடித்தவரும், பின்பக்கம் போனால் மறுமுனையில் நிற்பவரும் ஓட்டத்துக்குக் குரல் கொடுப்பது வழக்கம். எவர் கண்ணுக்குப் பந்து தெரிகிறதோ அவரே அழைக்கிறார். உங்கள் ஆட்டத்திலும் தகவலை யார் பார்க்கிறாரோ அவரே சொல்லட்டும். ஆனால் ரஷ் (பாய்ந்து தாக்குவது) போவதா, காத்திருப்பதா, வண்டியை எடுத்துக்கொண்டு வட்டத்தின் மறுபக்கம் போவதா என்ற முடிவை ஒருவரிடம் விடுங்கள். அவரைத்தான் விளையாடுபவர்கள் ஐஜிஎல் (இன்-கேம் லீடர்) என்கிறார்கள். அவர் உங்களில் மிகச் சிறந்த துப்பாக்கிக்காரராக இருக்க வேண்டிய அவசியமில்லை. சொல்லப்போனால், இல்லாமலிருப்பது நல்லது. எதிரியைக் குறிபார்த்துக்கொண்டே வரைபடத்தையும் கவனிப்பது எல்லோராலும் முடிகிற காரியமல்ல. அவர் எடுக்கும் முடிவு தவறாகவே இருந்தாலும், நால்வரும் சேர்ந்து செய்த தவறான முடிவு, இருவர் ஓடி இருவர் நின்ற சரியான முடிவைவிடப் பெரும்பாலும் குறைந்த சேதத்தில் முடியும்.

கடைசி வட்டத்தில் உங்களுக்குத் தேவைப்படுவது காலடிச் சத்தம். நான்கு வாய்கள் திறந்திருந்தால் அது கேட்காது. நாக் ஆனவர் (குண்டடிபட்டு விழுந்து, இன்னும் சாகாதவர்) தன்னைச் சுட்டவன் எங்கே இருக்கிறான் என்பதை ஒரே ஒரு முறை தெளிவாகச் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொள்ள வேண்டும். அந்த நேரத்தில் அணியில் மிக மதிப்புள்ள தகவல் அவரிடம்தான் இருக்கிறது, மிக அதிகமாக இரைச்சல் போடுபவரும் அவராகத்தான் இருக்கிறார். இறந்தபின் பார்வையாளராக இருந்துகொண்டு "லெஃப்ட்ல போ, ஸ்மோக் போடு, ஏன்டா நிக்கற" என்று உயிரோடிருப்பவரை ஓட்டுவதும் இதில் சேர்த்தி. "நீ ஏன் ரிவைவ் பண்ணல?" என்று, விழுந்தவரைத் தூக்கிவிடாததற்கான விசாரணையை ஆட்டம் முடிந்து லாபிக்கு (காத்திருப்பு அறைக்கு) வந்தபின் வைத்துக்கொள்ளலாம்.

கேள்வி: எனக்கு அணி கிடையாது. முன்பின் தெரியாதவர்களோடுதான் விளையாடுகிறேன். அவர்கள் பெரும்பாலும் இந்தியில் பேசுகிறார்கள். எனக்குத் தமிழும் கொஞ்சம் ஆங்கிலமும்தான் தெரியும். ஒதுங்கி விளையாடுவதைத் தவிர வேறு வழி உண்டா?
– வாசகர், திருப்பூர்

பதில்: உண்டு. பேசாமலே பேசுவதற்கு விளையாட்டு உருவாக்குநர்கள் வெகுகாலமாக வழி தேடி வருகிறார்கள். பிரவுசிங் சென்டர்களில் கவுண்டர்-ஸ்ட்ரைக் விளையாடி வளர்ந்தவர்களுக்கு இசட், எக்ஸ், சி விசைகளை அழுத்தினால் வரும் ரேடியோ கட்டளைகள் நினைவிருக்கும். "எனிமி ஸ்பாட்டட்" என்ற அந்தக் குரலுக்கு ஆங்கிலம் பேசத் தெரிய வேண்டிய தேவை இருக்கவில்லை.

இதில் பெரிய பாய்ச்சலை நிகழ்த்தியது 2019 பிப்ரவரியில் வெளியான ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ். மூவர் அணியாக ஆடும் அந்த விளையாட்டில், நீங்கள் பார்க்கும் இடத்தை நோக்கி ஒரு பொத்தானை அழுத்தினால் அங்கே குறி விழும். இருமுறை அழுத்தினால் அது எதிரி இருக்கும் இடம் என்று பொருள். துப்பாக்கியைக் குறித்தால் "இங்கே இன்ன துப்பாக்கி கிடக்கிறது" என்று உங்கள் கதாபாத்திரமே சொல்லும். தோழர் "அது எனக்கு" என்று ஒரே அழுத்தில் முன்பதிவு செய்துகொள்ளலாம். கேட்பவர் தம்முடைய விளையாட்டில் தேர்ந்தெடுத்துள்ள மொழியில் அந்தக் குரல் ஒலிக்கும் என்பதால், மொழித்தடை பெரும்பாலும் கரைந்துவிடுகிறது. இதை உருவாக்கிய ரெஸ்பான் நிறுவனத்தார், சோதனைக் காலத்தில் ஒரு மாதம் குரல் உரையாடலை அணைத்துவிட்டு, சொந்தப் பெயர்களையும் மறைத்துக்கொண்டு, முன்பின் தெரியாதவர்களைப்போல விளையாடிப் பார்த்ததாகக் கூறியிருக்கிறார்கள். சில வாரங்களிலேயே அதன் போட்டி விளையாட்டான ஃபோர்ட்நைட்டும் இத்தகைய குறியிடும் வசதியைச் சேர்த்துக்கொண்டது.

பிஜிஎம்ஐயிலும் குறி வைக்கும் வசதியும் ஒரே தட்டில் அனுப்பக்கூடிய தயார்ச் செய்திகளும் இருக்கின்றன. பெரும்பாலோர் அவற்றைக் கடையில் கொடுக்கும் கேரி பேக்கைப்போல மதிப்பில்லாமல் வைத்திருக்கிறார்கள். அடிக்கடி தேவைப்படும் ஐந்தாறு செய்திகளை விரலுக்கு எட்டும் வரிசையில் அடுக்கிக்கொள்ளுங்கள். எண்களை ஆங்கிலத்தில் சொன்னால் எல்லோருக்கும் புரியும். இத்துடன் ஆகே என்றால் முன்னால், பீச்சே என்றால் பின்னால், ருக்கோ என்றால் நில், ஏக் பந்தா என்றால் ஒருத்தன் என்ற அளவில் தெரிந்துகொண்டால் போதும். இந்திப் பண்டிதராக வேண்டியதில்லை. மைக் அணைந்திருந்தாலும் தொடர்ந்து சரியான இடத்தில் குறி வைப்பவரை, இடைவிடாமல் பேசும் தோழரைவிட எந்த அணியும் விரும்பும்.

கேள்வி: பிறவியிலேயே எனக்குக் காது கேட்காது. தோழர்கள் பேசுவதைக் கேட்க முடியாததால், பல முறை என்னைக் குழுவிலிருந்து நீக்கிவிட்டார்கள். என் போன்றவர்களுக்கு ஏற்ற விளையாட்டுகள் உள்ளனவா?
– வாசகர், சேலம்

பதில்: இருக்கின்றன, இதில் சட்டத்துக்கும் பங்குண்டு. அமெரிக்காவில் 2010-இல் இயற்றப்பட்ட தகவல்தொடர்பு அணுகல் சட்டம் ஒன்று, மாற்றுத்திறனாளிகளும் உரையாடல் வசதிகளைப் பயன்படுத்த முடிய வேண்டும் என்கிறது. வீடியோ கேம்களுக்கு அளிக்கப்பட்டிருந்த விலக்கு 2018 இறுதியோடு முடிந்தது. அடுத்த சில வாரங்களில் வெளிவந்த ஏபெக்ஸ் லெஜண்ட்ஸில், தோழர்கள் பேசுவதை எழுத்தாக மாற்றித் திரையில் காட்டும் வசதியும், நீங்கள் தட்டச்சு செய்வதை அவர்களுக்குக் குரலாக ஒலிக்கும் வசதியும் தொடக்கத்திலிருந்தே இருந்தன. அந்த எழுத்துமாற்றம் தமிழுக்கு உதவாது; ஆங்கிலத்தில் பேசும் தோழர்கள் கிடைத்தால்தான் பயன். மேலே சொன்ன குறியிடும் முறைக்கான காப்புரிமையை, அணுகல் வசதிக்காக மற்ற நிறுவனங்களும் பயன்படுத்தலாம் என்று ரெஸ்பானின் தாய் நிறுவனமான எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் 2021-இல் திறந்துவிட்டது. ஃபோர்ட்நைட்டில் காலடி, துப்பாக்கிச் சூடு, புதையல் பெட்டி ஆகியவற்றின் ஒலிகளைத் திசையோடு திரையில் படமாகக் காட்டும் அமைப்பு உள்ளது. நன்றாகக் காது கேட்கும் பலரும் அதைத் தேடிப் போய்ப் பயன்படுத்துகிறார்கள்.

உங்களை நீக்கியவர்கள் உங்கள் நிலையை அறியாமலே அவ்வாறு செய்திருக்கக்கூடும். ஆட்டம் தொடங்குவதற்கு முன், "எனக்குக் காது கேட்காது, குறி வைத்தால் உடனே வருவேன்" என்ற ஒரு வரியைத் தயாராக வைத்துக்கொண்டு அனுப்புங்கள். அதற்குப் பிறகும் நீக்குபவர்களோடு நீங்கள் ஆடாமல் இருப்பதில் இழப்பு அவர்களுக்குத்தான்.

கேள்வி: வேலோரன்ட் என்ற துப்பாக்கிச் சூட்டு விளையாட்டை ஆடுகிறேன். மைக்கைத் திறந்து ஒரு வார்த்தை சொன்னதும், பெண் குரல் என்று தெரிந்தவுடன் கேலியும் ஆபாசப் பேச்சும் தொடங்கிவிடுகின்றன. "மைக்கை ஆஃப் செய்துவிட்டு ஆடு" என்கிறார் என் அண்ணன். அதுதான் ஒரே வழியா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, கோவை

பதில்: உங்கள் அண்ணனின் அக்கறை புரிகிறது, அறிவுரையை நான் ஏற்கவில்லை. ஐவர் அணியில் ஒருவர் பேசாமலிருந்தால் அவர் பார்க்கும் தகவல் மற்ற நால்வருக்கும் கிடைக்காது. தவறு செய்தவன் பேசிக்கொண்டிருக்க, பாதிக்கப்பட்டவர் வாயை மூடிக்கொள்வது என்ன நியாயம்? முதல் ஆபாசச் சொல் வந்ததுமே, பதில் சொல்லாமல், வாதாடாமல், அந்த ஒருவரை மட்டும் மியூட் செய்யுங்கள். பதில் சொன்னால் அவனுக்கு விளையாட்டு கிடைத்துவிடும். ஆட்டம் முடிந்ததும் புகார் அளியுங்கள். திரைப்பதிவு எடுத்து, அவனுடைய விளையாட்டுப் பெயர், தேதி, நேரம் ஆகியவற்றோடு சேமித்துவையுங்கள். குரல் வழித் தொல்லைகளைக் கண்டறியும் முறையை உருவாக்குவதற்காக, அந்த விளையாட்டை நடத்தும் ரையட் நிறுவனம் 2022 ஜூலையில் வட அமெரிக்காவில் வேலோரன்ட் குரல் உரையாடல்களைப் பதிவு செய்து ஆராயத் தொடங்கியது. புகார்கள் கவனிக்கப்படுவதில்லை என்று எண்ணி விட்டுவிடாதீர்கள்.

விளையாட்டுக்கு வெளியே பின்தொடர்ந்து வந்தால், மிரட்டினால், படம் கேட்டால், அது காவல்துறையின் விஷயம். பெண்ணின் மாண்பை இழிவுபடுத்தும் நோக்கத்தோடு பேசுவது பாரதிய நியாய சன்ஹிதாவின் 79-ஆம் பிரிவின்படி மூன்றாண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம். தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் வீட்டிலிருந்தபடியே புகாரைப் பதிவு செய்யலாம்.

இங்கே ஆண் வாசகர்களிடமும் ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது. ஒருவன் ஆபாசமாகப் பேசும்போது அணியில் மீதி மூன்று பேர் இருக்கிறீர்களே, அப்போது என்ன செய்துகொண்டிருக்கிறீர்கள்? "டேய், நிறுத்து, ஆட்டத்தைப் பார்" என்று ஒருவர் சொன்னாலே பெரும்பாலும் அடங்கிவிடும். அதே சொல்லை அந்தப் பெண் சொன்னால் அடங்குவதில்லை.

கேள்வி: பதின்மூன்று வயது மகன் கதவைச் சாத்திக்கொண்டு யாருடனோ கத்திக் கத்திப் பேசுகிறான். சாப்பிடக் கூப்பிட்டால் "பாதியில வர முடியாதும்மா" என்கிறான். யாரிடம் பேசுகிறான் என்றே தெரியவில்லை. ஃபோனைப் பிடுங்கிவிடலாமா?
– ஒரு தாய், மதுரை

பதில்: "பாதியில் வர முடியாது" என்று அவன் சொல்வது உண்மைதான், அம்மா. அவன் விலகினால் முழு அணியும் ஓர் ஆளை இழக்கும். அதனால் ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே, "இந்த மேட்ச் முடிஞ்சதும் சாப்பாடு" என்று சொல்லிவிடுங்கள். ஒரு பிஜிஎம்ஐ ஆட்டம் ஏறத்தாழ அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். பதினெட்டு வயதுக்குட்பட்டோருக்கு நாளொன்றுக்கு மூன்று மணி நேரம் என்று அந்த விளையாட்டே வரம்பு வைத்திருக்கிறது. அவன் உண்மையான வயதைப் பதிவு செய்திருக்கிறானா என்பதைப் பாருங்கள்.

கதவு திறந்திருக்கட்டும். அணியில் இருப்பது யார், பள்ளி நண்பர்களா, புதியவர்களா என்று கேளுங்கள். ஒரு நாள் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். நண்பர்கள் மட்டும் கூடும் அணியில் குரல் உரையாடல் இருக்கட்டும், தெரியாதவர்களோடு ஆடும்போது மைக் அணைந்திருக்கட்டும் என்பது இந்த வயதுக்கு நியாயமான ஏற்பாடு. கவனிக்க வேண்டியது கத்தலை அல்ல. இலவசமாக யூசி (விளையாட்டுக்குள் செலவிடும் பணம்) வாங்கித் தருகிறேன் என்பவர், கணக்கின் ஓடிபி கேட்பவர், வாட்ஸ்அப்புக்கோ டெலிகிராமுக்கோ தனியாக வரச் சொல்பவர், "வீட்டில் சொல்லாதே" என்பவர் ஆகியோர்தான் ஆபத்தானவர்கள். இவற்றில் ஏதேனும் நடந்தால், நீங்கள் திட்டமாட்டீர்கள் என்று நம்பி உங்களிடம் சொல்லும்படி அவனுக்குத் தைரியம் கொடுங்கள். தேவைப்பட்டால் குழந்தைகள் உதவி எண் 1098 எந்நேரமும் இயங்குகிறது.

கேள்வி: புளூடூத் இயர்போனில் பேசினால் குரல் தாமதமாகப் போகிறது, சத்தமும் கரகரக்கிறது. எது வாங்கலாம்?
– வாசகர், ஓசூர்

பதில்: மைக் உள்ள கம்பி இயர்போனே போதும்; விலையுயர்ந்தது தேவையில்லை. சாதாரண புளூடூத் இயர்போனில் மைக்கைத் திறந்தவுடன், பாட்டு கேட்கும் முறையிலிருந்து தொலைபேசி அழைப்பு முறைக்கு அது மாறிவிடும். ஒலியின் தரம் குறைவதற்கு அதுவே காரணம். தாமதம் அதற்கு மேல் வரும் கூடுதல் தொல்லை. ஃபோன் ஸ்பீக்கரில் மட்டும் ஆடாதீர்கள்; தோழர்களின் குரல் உங்கள் மைக் வழியாக அவர்களுக்கே எதிரொலியாகத் திரும்பும். மின்விசிறிக்கு நேர் கீழே உட்காராமல் சற்று ஒதுங்கி உட்காருங்கள்.