எது இல்லை என்று கேளுங்கள்

கேள்வி: எங்கள் ஊர் நூலகத்தில் மாதம் ஒருமுறை கூடிப் பேசுகிறோம். சென்ற கூட்டத்தில் நிகிலிசம் பற்றிப் பேசிய நண்பர், "கடவுள் இல்லை, அறம் இல்லை, வாழ்க்கைக்குப் பொருள் இல்லை என்பவை எல்லாம் ஒரே முடிவின் வெவ்வேறு பெயர்கள், புத்தமதத்தின் சூனியமும் நீட்சே சொன்னதும் அதுவேதான்" என்றார். சுனாமியில் சித்தப்பாவின் குடும்பத்தையே பறிகொடுத்த எனக்கு அது உண்மை என்றே பட்டது. எல்லாம் வீண் என்று ஒப்புக்கொள்வதுதானே நேர்மை?
ஒரு வாசகர், குளச்சல்.

பதில்: உங்கள் நண்பர் ஒரே கட்டாகக் கட்டிய மறுப்புகள் வெவ்வேறு பொருள்களைப் பற்றியவை. அவற்றுள் ஒன்றை ஏற்றவர் மற்றவற்றையும் ஏற்றே ஆகவேண்டும் என்ற கட்டாயம் எதுவும் கிடையாது. நம்மிடம் ஒருவர் வந்து 'இல்லை' என்று மட்டும் சொன்னால், 'எது இல்லை?' என்றுதான் உடனே கேட்போம். நம் தருக்க நூலோர் அந்தக் கேள்வியை முறையாகவே வகுத்து வைத்திருக்கிறார்கள். இன்மையை அவர்கள் நான்காகப் பிரித்தார்கள். குடம் வனையப்படுவதற்கு முன் அதற்கு உள்ள இன்மை முன்னின்மை. அது உடைந்தபின் நேர்வது அழிவுபாட்டின்மை. காற்றில் நிறம் எக்காலத்தும் இல்லாதது முழுதும் இன்மை. குடம் ஆடை அன்று என்பது ஒன்றில் ஒன்று இன்மை. எதனுடைய இன்மை என்று சொல்லாமல் இன்மையைப் பற்றிப் பேசவே முடியாது என்பது அவர்கள் நிலை. நிகிலிசத்தின் வகைகளை அறிய விரும்புகிறவர் கையில் எடுக்கவேண்டிய முதல் கருவி இதுதான்.

'நிகில்' என்ற லத்தீன் சொல்லுக்கு 'ஒன்றுமில்லை' என்று பொருள். 1799இல் ஜெர்மானியச் சிந்தனையாளர் யாக்கோபி, சக தத்துவவாதியான ஃபிக்டேவுக்கு எழுதிய பகிரங்கக் கடிதத்தில், எல்லாவற்றையும் 'நான்' என்பதிலிருந்தே வருவிக்கும் தத்துவம் கடைசியில் ஒன்றுமின்மையில் போய் முடியும் என்று குற்றஞ்சாட்டி, அதற்கு நிகிலிசம் என்று பெயரிட்டார். அந்தச் சொல் தத்துவத்தில் புகழ்பெற்றதே ஒரு வசையாகத்தான். ருஷ்யாவில் 1862இல் நாவலாசிரியர் துர்கனேவ் படைத்த பசாரோவ் என்னும் மருத்துவ மாணவன் அதைத் தன் பட்டமாகவே ஏற்றுக்கொண்டான். தவளையை அறுத்துப் பார்த்து உண்மை அறிய விரும்பிய அவன் மறுத்தது பரம்பரை அதிகாரத்தையும் வெறும் மரபையும். அறிவியலை அவன் முழுமனத்தோடு நம்பினான். 1881இல் ஜார் இரண்டாம் அலெக்சாண்டரைக் கொன்ற புரட்சியாளர்களையும் அன்றைய ஐரோப்பா நிகிலிஸ்டுகள் என்றே அழைத்தது. மக்களுக்கு நிலமும் உரிமையும் வேண்டும் என்பதற்காகத் தூக்குமேடை ஏறியவர்களை, எல்லாம் வீண் என்று எண்ணியவர்களாக நான் கருதமாட்டேன்.

பொருள்களின் இருப்பைப் பற்றிய மறுப்பு முற்றிலும் வேறொரு துறை. அதை விளக்க நம் கடற்கரையே போதும். சிறுவயதில் முட்டத்தில் நான் பார்த்த காட்சி இது. மீன்பாடு முடித்துக் கரையேறியவர்கள் கயிற்றை அவிழ்த்து, மரத்தடிகளைத் தனித்தனியே பிரித்து, இருவர் இருவராகத் தோளில் சுமந்து மேட்டு மணலில் உலரப் போடுவார்கள். மறுநாள் விடியுமுன் அதே தடிகள் மறுபடி கட்டப்பட்டுக் கடலில் இறங்கும். நடுப்பகலில் அந்த மணலில் கட்டுமரம் இருந்ததா? தடிகள் இருந்தன, கயிறு இருந்தது, கட்டு இல்லை. பகுதிகள் சேர்ந்து அமையும் முழுமைகளை மறுக்கும் நிகிலிசம் இன்னும் ஒரு படி மேலே போய், கடலில் மிதந்தபோதும் கட்டுமரம் என்று தனியாக ஒரு பொருள் இல்லை, கட்டுமர வடிவில் அமைந்த நுண்பொருள்கள் மட்டுமே உண்டு என்கிறது. அந்த நோக்கில் தடிகூட ஒரு பொருளன்று. தத்துவ அறிஞர் பீட்டர் அங்கர் 1979இல் ஏறக்குறைய இப்படித்தான் வாதிட்டார். 1990இல் பீட்டர் வான் இன்வேகன் உயிருள்ளவற்றுக்கு மட்டும் விலக்களித்து, மேசை நாற்காலி போன்றவற்றை மறுத்தார். இந்த வாதம் சரியோ பிழையோ, அதை ஏற்பவருக்கும் கடலில் மீன் படும், வீட்டில் உலை கொதிக்கும். கட்டுமரம் இல்லை என்பதிலிருந்து கடலுக்குப் போவது வீண் என்று யாரும் வருவிக்க முடியாது.

அறிவைப் பற்றிய மறுப்புக்குப் பழைய முன்னோடி கிரேக்கத்தின் கோர்கியாஸ்: எதுவும் இல்லை, இருந்தாலும் அறிய முடியாது, அறிந்தாலும் பிறருக்கு உணர்த்த முடியாது என்று மூன்று படிகளாக அவர் வாதிட்டார். அவர் அதை உளமார நம்பினாரா, சொல்வன்மையைக் காட்டவே சொன்னாரா என்பதில் அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு.

உங்கள் நண்பர் சறுக்கிய இடம் அறத்தைப் பற்றிய மறுப்பு என்பதால் அங்கே சற்று நிற்கவேண்டும். 1977இல் தத்துவ அறிஞர் ஜே. எல். மேக்கி, உலகில் கல்லும் மண்ணும் இருப்பதுபோல நன்மையும் தீமையும் நம்மைச் சாராமல் கிடப்பதில்லை என்றும், அப்படி இருப்பதாகக் கொண்டு பேசும் நம் அறப்பேச்சு முழுவதும் ஒரு பிழையின்மேல் நிற்கிறது என்றும் எழுதினார். அதோடு அவர் நிறுத்திக்கொள்ளவில்லை. அதே நூலில், மனிதர் கூடிவாழ அறம் தேவை, அதை நாமே உருவாக்கிக்கொள்ள வேண்டும் என்று விரிவாக வாதிடுகிறார். அறத்தின் அடித்தளத்தை மறுத்த ஒருவர் அறமாக வாழும் வழியைத் தேடியிருக்கும்போது, 'அறம் இல்லை, ஆகவே எதையும் செய்யலாம்' என்று அவர் பெயரால் பேசுவது நியாயமாகாது.

ஜெர்மானியத் தத்துவ அறிஞர் நீட்சேயைப் பொறுத்தவரை, மருத்துவரை நோயாளி என்று எண்ணும் தவறு பரவலாக நடக்கிறது. 1882இல் அவர் எழுதிய கதையில், பட்டப்பகலில் விளக்கேந்திச் சந்தைக்கு ஓடிவரும் பித்தன், கடவுள் இறந்துவிட்டார், நாம்தாம் கொன்றோம் என்று கதறுகிறான். அங்கே நின்றுகொண்டிருந்த நம்பிக்கையற்றவர்களோ அவனைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். அந்தக் கதறலை வெற்றி முழக்கமாக வாசிப்பவர்கள் அந்தச் சிரித்த கூட்டத்தோடு நிற்கிறார்கள். மிக உயர்ந்த மதிப்புகள் தாமாகவே மதிப்பிழந்து போவதை நிகிலிசம் என்றழைத்த நீட்சே, அது ஐரோப்பாவின்மீது வரப்போவதாக எச்சரித்தார். 1887ஆம் ஆண்டுக் குறிப்புகளில் அதை இரண்டாகப் பிரிக்கவும் செய்தார். சோர்ந்து ஒடுங்குவது ஒன்று. பழைய மதிப்புகளைத் தகர்க்கும் அளவுக்கு வலிமை பெற்ற ஆற்றல் மற்றொன்று. அவரது உழைப்பு முழுவதும் இந்த நிலையைக் கடந்து செல்வதற்கானது.

இனி புத்தமதம். இதில் உங்கள் நண்பரை நான் உறுதியாகவே மறுக்கிறேன். புத்தர் காலத்தில், ஈகைக்குப் பயனில்லை, அறிவிலியும் அறிஞனும் உடல் சிதைந்ததும் ஒருசேர அழிகிறார்கள் என்று போதித்தவர் அஜித கேசகம்பளர். அந்த அழிவுவாதத்தையும், அதற்கு நேர்மாறாக உயிர் என்றும் அழியாது என்னும் நிலைபேற்று வாதத்தையும் புத்தர் ஒருசேர விலக்கினார். பின்னர் வந்த பௌத்தத் தத்துவ ஆசிரியர் நாகார்ச்சுனர் சூனியம் என்றது, எதுவும் தன்னந்தனியாக, தனக்கென்றே ஓர் இயல்போடு நிற்பதில்லை, எல்லாம் சார்ந்தே தோன்றுகின்றன என்பதைத்தான். எல்லாம் சூனியம் என்றால் உம் அறமே அழியுமே என்று கேட்ட எதிரிக்கு, சூனியத்தைத் தவறாகப் பற்றுவது பாம்பைத் தவறாகப் பிடிப்பது போன்றது என்று விடை சொன்னவரும் அவரே. தமிழ் வாசகருக்கோ நாகார்ச்சுனர் வரைக்கும் போகவேண்டிய தேவையும் இல்லை. மணிமேகலையின் சமயக்கணக்கர் காதையில், கண்டதை மட்டுமே ஏற்பேன், உயிர் உடலோடு முடிகிறது என்னும் பூதவாதியை நோக்கி, உன் தாய் தந்தையரை அனுமானத்தால் அன்றி வேறெப்படி அறிந்தாய் என்று மணிமேகலை கேட்கிறாள். அதே காப்பியத்தின் நடுவே இருப்பது, பசித்தவர்க்கெல்லாம் சோறிட்டும் குறையாத அமுதசுரபி. ஒன்றுமில்லை என்று போதித்த சமயத்தின் கையில் சோற்றுப் பாத்திரம் எப்படி வந்தது என்று அடுத்த கூட்டத்தில் உங்கள் நண்பரிடம் கேளுங்கள். நிகிலிசத்தைச் 'சூனியவாதம்' என்று மொழிபெயர்ப்பதால்தான் இந்தக் குழப்பம் நீடிக்கிறது. 'இன்மைவாதம்' என்பதே இந்த இதழில் நாங்கள் பயன்படுத்தும் சொல்.

கடைசியாக, உங்கள் 'எல்லாம் வீண்'. வாழ்வுக்குப் பொருள் இல்லை என்னும் இந்த வகைக்கு மக்கள் பெரும்பாலும் தரும் காரணம், எல்லாம் அழிந்துவிடும் என்பது. பத்து லட்சம் ஆண்டுகள் கழித்து நாம் செய்த எதற்கும் மதிப்பிராது என்றால், அப்போது மதிப்பிராது என்ற அந்தச் செய்திக்கும் இப்போது மதிப்பில்லை என்று 1971இல் தத்துவ அறிஞர் தாமஸ் நேகல் சுட்டினார். வள்ளுவர் நிலையாமையைப் பாடும்போது, நேற்று இருந்தவன் இன்று இல்லை என்பதை உலகின் பெருமையாகவே சொல்கிறார். அதற்கு முந்தைய குறளில், நாவடங்கி விக்கல் வருமுன் நல்வினையை விரைந்து செய் என்கிறார். அழியும் என்பதிலிருந்து அவர் வருவித்தது அவசரத்தை.

நேர்மை பற்றிக் கேட்டீர்கள். ஒரு வாதத்தால் வந்த முடிவையும் ஒரு துயரத்தால் வந்த முடிவையும் பிரித்தறிவது நேர்மையின் பகுதியே. உறக்கம் வராமலும், உணவு ருசிக்காமலும், பிடித்தவர்களோடு பேசப் பிடிக்காமலும் வாரக்கணக்காக இருந்தால் அது தத்துவ நிலைப்பாடு அன்று. தயங்காமல் ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குச் செல்லுங்கள். அரசின் மனநல உதவி எண்ணான 14416இல் இரவிலும் தமிழில் பேசலாம். இதை நான் கடமைக்காக எழுதவில்லை.

தருக்க நூலோரின் நால்வகை இன்மைக்கே திரும்புகிறேன். உங்கள் சித்தப்பா குடும்பத்தின் இன்மை இரண்டாவது வகை, அழிவுபாட்டின்மை. அதற்குத் தொடக்கம் உண்டு, 2004 டிசம்பர் 26 காலை. முடிவு இல்லை என்றே நூலோரும் சொல்கிறார்கள், அது ஆறிவிடும் என்று அவர்கள் யாருக்கும் வாக்களிக்கவில்லை. நீங்கள் சொல்லும் 'வீண்' மூன்றாவது வகை, காற்றில் நிறம் இல்லாததுபோல எக்காலத்தும் இல்லாதது. இரண்டாவது வகையைச் சொல்ல ஒரு பொருள் இருந்திருக்க வேண்டும். குடம் இருந்திராவிட்டால் குடம் உடைந்தது என்று சொல்ல வாயில்லை. ஆண்டுதோறும் அந்த நாளில் உங்கள் கரையில் மெழுகுவர்த்தி ஏற்றுகிறவர்கள் இருந்தவர்களுக்காக ஏற்றுகிறார்கள். உங்கள் சித்தப்பா வீட்டார் இருந்தார்கள், உங்களுக்கு வேண்டியவர்களாக இருந்தார்கள். உங்கள் கேள்வியில் அவர்களைப் பற்றிய அந்த ஒரு வரி இல்லாதிருந்தால், உங்கள் நண்பரின் கட்சியை மறுப்பது எனக்கு இதைவிடக் கடினமாக இருந்திருக்கும்.