கூப்பிடுகடலுக்குக் கோபம் கிடையாது

‘வெள்ளாழி’ தொடரில் கூப்பிடுகடல் வந்ததிலிருந்து கடிதங்கள் குவிகின்றன. படிக்காதவர்களுக்கு ஒரு வார்த்தை: வெள்ளாழி நான் கட்டிய நாடு, வரைபடத்தில் தேட வேண்டாம். அங்கே காற்று அடியோடு நின்று, கடல் இரண்டு முறை ஏறி இரண்டு முறை வற்றினால், அன்று ராத்திரி அந்தக் கடல் சத்தமில்லாமல் தெருவுக்குள் வரும். அதுதான் கூப்பிடுகடல். வீட்டு மண்பானைக்குள் இருந்து, கடலில் போன ஒருவரின் குரலில் உங்கள் பெயரைச் சொல்லிக் கூப்பிடும். பதில் சொன்னவர் எழுந்து நடந்துவிடுவார். திரும்பமாட்டார்.

காற்றே இல்லாமல் கடல் எப்படி ஊருக்குள் வரும்? மந்திரம் என்றாலும் ஒரு நியாயம் வேண்டாமா?
வாசகி, குளச்சல்

குளச்சலில் இருந்துகொண்டு கேட்கிற கேள்வியா அம்மா இது! கள்ளக்கடல் உங்கள் ஊர்க் கரைக்கு வராததா? பெரும்பாலும் ஏப்ரல், மே மாதங்களில் வரும். வானம் பளிச்சென்று இருக்கும், இலை அசையாது, ஆனால் அலை வள்ளம் இழுத்து வைத்திருக்கும் இடத்தையும் தாண்டி ஏறும். காரணம் நம் பக்கத்திலேயே இல்லை. தெற்கே, அண்டார்டிகாவை ஒட்டிய கடலில் எங்கோ புயல் அடிக்கும். அங்கே கிளம்பிய அலை ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் ஓடி, சில நாள் கழித்து மணக்குடியில் வந்து இடிக்கும். ஒரு அலைக்கும் அடுத்ததுக்கும் நடுவே 15 நொடிக்கு மேல் போகும். அந்த இடைவெளிதான் ஆளை ஏமாற்றுவது. கடல் ஓய்ந்துவிட்டது என்று நினைத்து வெளியூர்க்காரர்கள் இறங்குவார்கள். 2024 மே 6 அன்று கணபதிபுரம் லெமூர் கடற்கரையில் மருத்துவ மாணவர்கள் ஐந்து பேரை இழந்தோமே, அன்றும் கள்ளக்கடல் எச்சரிக்கை இருந்தது. இப்போது ஹைதராபாத்தில் இருக்கும் கடல் தகவல் மையம் முன்கூட்டியே சொல்லிவிடுகிறது. வெள்ளாழியில் அப்படிச் சொல்ல ஆள் இல்லை. காற்று நின்றதா என்று பார்க்க ஒவ்வொரு வாசலிலும் ஒரு கோழி இறகைக் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

கூப்பிடுகடல் என்பது நம்ம இசக்கிதானே? பெயரை மாற்றிவிட்டீர்கள்!
வாசகர், தக்கலை

இல்லை. இதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்ல வேண்டும். இசக்கிக்கு ஒரு கதை இருக்கிறது. யாரோ ஏமாற்றினான், கொன்றான், அவள் எழுந்து வந்து கணக்குத் தீர்த்தாள். ராத்திரி வழியில் நின்று சுண்ணாம்பு கேட்பவளுக்கும் ஒரு முகம் உண்டு, ஒரு கோபம் உண்டு. கோபம் இருந்தால் பேசித் தீர்க்கலாம். கொடை கொடுக்கலாம், வில்லுப்பாட்டில் அவள் கதையை முழுசாகப் பாடி அழ வைக்கலாம். அப்புறம் அவளே அம்மன் ஆகிவிடுகிறாள், முப்பந்தலில் பிள்ளை வரம் கேட்டு நிற்கிறோம். நம் ஊர் பயத்தில் எனக்குப் பிடித்த விஷயமே இதுதான். பயந்ததோடு விடாமல் உறவும் வைத்துக்கொள்வோம்.

கூப்பிடுகடலோடு அப்படி ஒரு உறவுக்கு வழியே இல்லை. அதற்கு யார்மேலும் கோபம் கிடையாது. வெள்ளாழிக்காரர்கள் ஆடு வெட்டிப் பார்த்தார்கள், முத்து கொட்டிப் பார்த்தார்கள், மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு மடையன் ராஜா தன் கிரீடத்தையே எறிந்தான். காற்று நின்றதும் அது வழக்கம்போல வந்தது. அதனால்தான் அங்கே கோயில் இல்லை, பழக்கங்கள்தான் இருக்கின்றன. தண்ணீரின் மேல் யாரும் சொந்தப் பெயரைச் சொல்லமாட்டார்கள், ஏனென்றால் தன்மேல் உச்சரித்த பெயர்தான் கடலுக்குத் தெரியும். வள்ளத்தில் ஏறினால் எல்லோருக்கும் வேறு பெயர். கூப்பிடுகடல் இரண்டு தடவைதான் கூப்பிடும், மூன்றாவது இல்லை. அதனால் அந்த ஊரில் பகலில்கூட மூன்று தடவை கூப்பிடாமல் யாரும் ‘என்ன’ என்று கேட்கமாட்டார்கள். ராத்திரி வாசலில் ஒரு குரல் கேட்டால் உடனே பதில் சொல்லாதே என்று நம் பாட்டிமார் சொன்னதிலிருந்து எடுத்ததுதான், ஒளிப்பானேன்.

இவ்வளவு ஆபத்து என்றால் ஊரைக் காலி செய்துவிட்டுப் போகலாமே?
வாசகர், மார்த்தாண்டம்

ரப்பர் தோட்டத்துக்குள் உட்கார்ந்து கேட்டிருக்கிறீர்கள். 2004 டிசம்பர் 26 அன்று மணக்குடிப் பாலத்தையே கடல் தூக்கிப் போட்டது. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் வந்தபோது, அதற்கு முன்பே ஆழ்கடலுக்குப் போயிருந்த தூத்தூர்ப் பக்கத்து ஆட்கள் எத்தனையோ பேர் திரும்பவில்லை. அதே கரையிலிருந்து இன்றைக்கும் கடலுக்குப் போகிறார்கள். நீவாடு, அதாவது கடல் நீரோட்டம், பார்த்து வலை போடத் தெரிந்தவனை உள்ளே கொண்டு குடிவைத்தால் அவன் என்ன வேலை செய்வான்? வெள்ளாழியிலும் மேட்டில் வீடு கட்டிக் கொடுக்கிறார்கள். பூட்டிக் கிடக்கிறது.

கதாநாயகி அலரி செத்துவிடுவாளா?
பலர்

சொல்லமாட்டேன்.

நானும் ஒரு மாயக்கதை எழுதுகிறேன். பேச்சிப்பாறை மாதிரி ஒரு மலை, அங்கே ஆளை விழுங்கும் மூடுபனி. ஆனால் படிப்பவர்களுக்குப் பயமே வரவில்லை.
கல்லூரி மாணவி, குலசேகரம்

நீங்கள் அனுப்பிய பக்கங்களில் பனி நினைத்தபோதெல்லாம் வருகிறது, நினைத்த ஆளை விழுங்குகிறது. அப்படியானால் உங்கள் ஆட்கள் எதற்குக் கவனமாக இருக்க வேண்டும்? எப்போது வரும், எதைத் தொடாது என்று முதலில் முடிவு செய்யுங்கள். பிறகு ரப்பர் மரத்தில் பால்வெட்டப் போகிறவர் விடியற்காலை அதற்காக என்ன செய்வார் என்று எழுதுங்கள். அவர் தலையில் கட்டும் விளக்கை எந்தப் பக்கம் திருப்பிப் பிடிக்கிறார் என்பதில் இருக்கிறது பயம். அலறல் காட்சிகளைப் பாதியாக வெட்டுங்கள், தங்கச்சி.

உங்கள் தொடரைப் படித்துவிட்டு என் பையன் ராத்திரி தண்ணீர் குடிக்க அடுக்களைக்குப் போக மறுக்கிறான். என்ன செய்வது?
ஒரு அம்மா, நாகர்கோவில்

கூப்பிடுகடல் மண்பானையில் மட்டும்தான் பேசும் என்று இரண்டாம் அத்தியாயத்திலேயே எழுதியிருக்கிறேன். உங்கள் வீட்டில் பிளாஸ்டிக் குடம்தானே? அதைக் காட்டுங்கள். அடுத்த இதழை மட்டும் அவன் கையில் கொடுக்க வேண்டாம்.