பழைய வீடியோ கேம் டிஸ்குகளை எங்கே விற்றால் நல்ல விலை கிடைக்கும்?

ராமேஸ்வரம், மண்டபம், கீழக்கரைப் பக்கம் இருப்பவர்களுக்குச் சுருக்கமான பதில்: விளையாடப்போகிறவரிடமே நேரடியாக விற்பதுதான் லாபம். கடைக்காரர் வாங்கினால், அடுத்த ஆள் வரும்வரை பணத்தை முடக்கி, தன் லாபத்தையும் எடுக்க வேண்டும்; அதனால் குறைத்துத்தான் கேட்பார். கரையில் வியாபாரியிடம் மொத்தமாகத் தள்ளிவிடும் மீனுக்கும், சந்தையில் கூறு போட்டு விற்கும் மீனுக்கும் உள்ள வித்தியாசம்தான் இது. நாளானால் விலை இறங்குவதும் மீனைப் போலவேதான். விளையாடி முடித்த கையோடு விற்றுவிடுங்கள்.

உள்ளூரில் வாங்க ஆள் குறைவு. ஓஎல்எக்ஸிலோ ஃபேஸ்புக் மார்க்கெட்பிளேஸிலோ மதுரையையும் சேர்த்து விளம்பரம் போடுங்கள். டிஸ்கின் அடிப்பக்கத்தை வெளிச்சத்தில் சாய்த்துப் படமெடுங்கள். துடைப்பதென்றால் மென்துணியால் நடுவிலிருந்து விளிம்புக்கு. வட்டமாகத் துடைத்தால் விழும் கீறல் டிஸ்கைப் படிக்கவிடாமல் செய்துவிடலாம். கீறலைப் போக்கப் பற்பசை தேய்க்கும் வைத்தியம் வேண்டவே வேண்டாம். கார்ட்ரிஜ் (கருவியில் செருகும் கேம் அட்டை) என்றால் உப்புக்காற்றில் அதன் உலோக முனைகள் கறுத்திருக்கிறதா என்று பாருங்கள்.

பணம் வந்தபிறகே ஸ்பீட் போஸ்ட். ‘பணம் அனுப்புகிறேன், க்யூஆரை ஸ்கேன் செய்து பின் நம்பரைப் போடுங்கள்’ என்றால் அது மோசடி. பணம் பெற பின் நம்பர் தேவையில்லை.

டவுன்லோடு செய்த கேமையும் இப்படி விற்கலாம் என்று பலர் நினைக்கிறார்கள். அது உங்கள் கணக்கோடு கட்டப்பட்டது, விற்க முடிவது டிஸ்கும் கார்ட்ரிஜும் மட்டுமே.